கடல்பன்றி என்ற பெயர்

என் அக்கா வீட்டுக்காரருக்குத் துறைமுகத்தில் 'விளக்கம்' என்று பட்டப்பெயர். எதைக் கேட்டாலும் ஒரு விளக்கம் கைவசம் வைத்திருப்பார். கேட்காவிட்டாலும் சொல்லுவார். அக்கா ஒருத்திதான் அவர் வாயை அடைப்பாள். "முதல்ல சமையலறைக் குழாய் ஏன் ஒழுகுதுன்னு விளக்குங்க" என்பாள்.

அத்தான் தன் அப்பாவின் பன்றிப் பண்ணையில் வளர்ந்தவர். படகு வேலைக்கு வந்தது பிறகுதான். டால்பினைப் பழைய ஆட்கள் கடல்பன்றி என்று சொல்வார்கள் இல்லையா, அதற்குக் காரணம் சொல்லத் தன்னைவிடத் தகுதியான ஆள் கிடையாது என்று அவருக்கு நினைப்பு. "தோலுக்கு அடியில அத்தனையும் கொழுப்புடா. அறுத்துப் பாத்தவன் வச்ச பேரு" என்பார். ஏதோ பக்கத்தில் நின்று பார்த்தவர் மாதிரி.

நாங்கள் இருவரும் ஒரே படகு. ஓட்டல் தொட்டிகளுக்கு உயிர்மீன் பிடித்துக் கொடுப்பது எங்கள் பிழைப்பு. வலையில் உயிரோடு எது வந்தாலும், தளத்தில் விளிம்புவரை நிறைத்து வைத்திருக்கும் தண்ணீர்த் தொட்டியில் போட்டு மூடியை அழுத்திச் சாத்திவிட வேண்டும். யோசிக்காமலே கை செய்துவிடும்.

அன்று காலை வலையை இழுத்தபோது தாயும் குட்டியுமாக இரண்டு டால்பின்கள். குட்டி சுலபமாகக் கழன்று வந்துவிட்டது. தாயின் வாலை வலை சுற்றிச் சுற்றி இறுக்கியிருந்தது.

"குட்டியைக் கடல்ல விட்டுடலாமா அத்தான்?"

"தனியா விட்டா தாயைத் தொலைச்சிட்டு அலையும்டா. ரெண்டையும் சேத்து விடுவோம். அதுவரைக்கும் தண்ணில இருக்கட்டும்."

குட்டியைத் தொட்டிக்குள் பதமாக இறக்கினார். மூடியைச் சாத்தி, அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டு வலையை அறுக்க ஆரம்பித்தார். இளகிய மனசுக்காரர், அதைச் சொல்லியே ஆக வேண்டும். புது வலையை அப்படிக் கண்டபடி அறுக்க வேறு யாருக்கும் மனசு வராது.

கீழிருந்து குட்டி மூடியை முட்டியது. முட்டிக்கொண்டே இருந்தது.

"நல்ல தெம்பாத்தான் இருக்கு" என்று தாயிடம் சொன்னார். "உன் பிள்ளைக்கு ஒண்ணுமில்ல, பயப்படாத."

கொஞ்ச நேரத்தில் முட்டுவது நின்றது. "அடங்கிடுச்சு" என்றார் திருப்தியாக.

தாயின் தலைப்பக்கத்து வலையை விலக்கக் குனிந்தார். அதன் உச்சியில் இருந்த துளை திறந்து, அவர் முகத்தில் சூடாக மூச்சு அடித்தது. உறுமலும் சீறலும் கலந்த ஈரமான சத்தம். அத்தான் சட்டென்று நிமிர்ந்தார்.

"விடிஞ்சதும் எங்க பண்ணையில இந்தச் சத்தம்தான்டா கேக்கும்" என்றார். "கொழுப்பு இல்லடா. மூச்சு. இந்த மூச்சைக் கேட்டுத்தான் பன்றின்னு சொல்லியிருக்காங்க. இது நம்மள மாதிரி காத்தை..."

அந்தப் பெயரை யார், எதற்காக வைத்தார்களோ, எனக்குத் தெரியாது. அவர் சொல்லி முடிக்கவில்லை. எதன்மேல் உட்கார்ந்திருக்கிறோம் என்பது அவருக்கு உறைத்துவிட்டது. எனக்கும்தான்.

மூடியைப் பிடுங்கி எறிந்தார். குட்டி ஒருக்களித்துக் கிடந்தது. வாரி எடுத்துத் தோளில் போட்டு முதுகைத் தட்டினார். "மூச்சு விடு கண்ணு. விடுடா" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அது விடவில்லை.

மிச்ச வலையை நான்தான் அறுத்தேன். எப்படி அறுத்தேன் என்பது நினைவில்லை. தாயைக் கடலில் சரித்துவிட்டோம். குட்டியை அத்தான் அதன் பக்கத்தில் இறக்கினார்.

தாய் பயந்து ஓடிவிடும் என்று நினைத்தேன். ஓடவில்லை. அமிழ்ந்துகொண்டிருந்த குட்டிக்கு அடியில் போய், மூக்கால் முட்டி அதைத் தண்ணீருக்கு மேலே தூக்கிப் பிடித்தது. குட்டி நழுவியது. திரும்பவும் தூக்கியது. திரும்பவும் நழுவியது.

எஞ்சினைப் போடட்டுமா என்று கேட்டேன். அத்தான் படகின் விளிம்பைப் பிடித்த கையை எடுக்கவில்லை.

"இருடா" என்றார். "அது இன்னும் தூக்கிக்கிட்டு இருக்கு."