ஃபேனுக்கு எதிர் இடம்

அந்த இடத்துக்காக ராக்கம்மாள் போட்ட சண்டை கொஞ்சநஞ்சமல்ல. தகரக் கூரை போட்ட பனியன் கம்பெனி அது. செக்கிங் மேஜைகள் வரிசையாகக் கிடக்க, பெரிய ஃபேன் ஒன்றே ஒன்று. ரொம்ப நாள் வேலை பார்த்தவருக்குத்தான் அதற்கு நேர் எதிர் இடம் என்பது அங்கே எழுதாத சட்டம். உசிலம்பட்டிப் பக்கமிருந்து பிழைக்க வந்த ராக்கம்மாள், தானே மூத்தவள் என்று பக்கத்து மேஜை அனுசுயாவோடு முட்டி மோதி அதைப் பிடித்தாள். காற்று மூஞ்சியில் அடிக்க, ட்யூப்லைட்டுக்குக் கீழே பனியனை விரித்து ஓட்டை தேடுவாள். இமைத்தால் ஓட்டை தப்பிவிடுமாம், இமைக்கவே மாட்டாள்.

இரண்டாயிரத்து ஆறாம் வருசக் கோடையில் அந்தக் கண்ணே அவளைக் கைவிட்டது. மண்ணை அள்ளிப் போட்டது போல உறுத்தல். மத்தியானத்துக்கு மேல் தாரை தாரையாகத் தண்ணீர். மெட்ராஸ் ஐ என்று பக்கத்து மேஜைக்காரிகள் தள்ளி உட்கார்ந்தார்கள். மருந்துக்கடையில் வாங்கிய சொட்டு மருந்து கேட்கவில்லை. தைத்த துணி மங்கலாகத் தெரிந்து, அக்குளில் இருந்த ஓட்டையோடு பனியன்கள் அவள் கையைத் தாண்டிப் போயின.

சூப்பர்வைசர் வேலுமணி மரியாதையாகத்தான் சொன்னான். "இன்னொரு தடவ தப்புச்சுன்னா உங்களப் பிசிர் வெட்டத்தானுங்க அனுப்போணும்." ராக்கம்மாளின் பயம் வேறு. தொங்கும் நூலைக் கத்தரிக்கிற அந்தக் குறைந்த கூலி வேலை கூடப் பரவாயில்லை, கண்ணே போய்விட்டால்? புருசன் காசிமாயனிடம் மூச்சு விடவில்லை. அவள் கண்ணுக்குத் தப்பிய கல்லைச் சோற்றில் கடித்த அன்றைக்கு அவனே கண்டுபிடித்து, கையோடு கண் ஆஸ்பத்திரிக்கு இழுத்துப் போனான்.

டாக்டரம்மா கீழ் இமைக்குள் சின்னக் காகிதத் துண்டைச் செருகி, கொஞ்ச நேரம் கழித்து எடுத்து, எவ்வளவு நனைந்திருக்கிறது என்று பார்த்தார். கண் காய்ந்திருக்கிறது என்றார். ராக்கம்மாளுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "இந்த ஊத்து ஊத்துது, காஞ்சிருக்குங்கிறீக?"

"எரிச்சல் தாங்காம கண்ணு பதறி ஊத்தற தண்ணிங்க அது. கண்ண எப்பவும் ஈரமா வெச்சிருக்கறது வேற. அதுதான் உங்களுக்குப் பத்தல, இருக்கறதும் நிக்கல."

பார்வை போகாது, ஆனால் சும்மா விட்டால் புண்ணாகும் என்றார். மருந்து தொடர்ந்து விட வேண்டும். அடிக்கடி இமைக்க வேண்டும். அப்புறம் கேட்டார், எங்கே உட்கார்ந்து வேலை செய்கிறீர்கள் என்று. ராக்கம்மாள் பெருமையாகத்தான் ஃபேன் இடத்தைச் சொன்னாள். கண்ணைக் காய வைத்தது அந்தக் காற்றுதான் என்று உறைத்து, சொல்லி முடிக்கும்போது குரல் தேய்ந்துவிட்டது.

மறுநாள் மேஜையைச் சுவரோரம் நகர்த்திக்கொண்டாள். அனுசுயாவுக்குத் தலைகால் புரியவில்லை, அன்றைக்கே ஃபேனுக்கு எதிரே போய் உட்கார்ந்துவிட்டாள். வேர்த்து ஊற்ற ஊற்ற ராக்கம்மாள் இமைத்தாள், மருந்து விட்டாள், ஓட்டை தேடினாள். அடுத்தடுத்த லாட்டில் அவள் மேஜையிலிருந்து ஒன்றும் திரும்பி வரவில்லை. வேலுமணியும் பிசிர்ப் பேச்சை விட்டான்.

ஆடிக்காற்று தொடங்கிய சமயம். அனுசுயா புறங்கையால் கண்ணைத் தேய்ப்பதை ராக்கம்மாள் பார்த்தாள். தேய்த்துவிட்டு மறுபடி இமைக்காமல் துணியை முறைத்தாள் அனுசுயா. ராக்கம்மாள் கையிலிருந்த பனியனைப் போட்டாள். எழுந்து போய் ஃபேனின் மூஞ்சியைச் சுவர்ப்பக்கம் திருப்பினாள்.

வரிசையே சத்தம் போட்டது. இடம் போன வயிற்றெரிச்சல் என்றாள் அனுசுயா, சிவந்த கண்ணோடு.

"எடத்த நீயே வச்சுக்கடி," என்றாள் ராக்கம்மாள், ஃபேனை விடாமல். "நாளைக்கு எங்கூட ஆஸ்பத்திரிக்கு வா."