தைத்து மூடிய ஆமை வாசல்: திருவொற்றியூரிலிருந்து காசிமேடு வரை

ஜனவரி 18, ஞாயிறு, காலை 5.50. திருவொற்றியூர் கடற்கரையில், கல் கொட்டிய இடத்தை ஒட்டிச் செத்த ஆமைகள் ஏழு.

ஆமை முட்டையிடும் பருவத்தில் விசைப்படகுகள் கரையோரம் வலை இழுக்கக் கூடாது, இழுவலையில் ஆமை தப்பிக்கும் கருவி கட்டாயம் என்று அரசு விதி இருக்கிறது. பிறகு ஏன் ஏழு? நான் மெக்கானிக்கல் படித்தவன். புலம்புவதைவிடக் கருவியைப் பார்ப்பதே மேல் என்று கிளம்பினேன்.

காசிமேடு மீன்பிடித் துறைமுகம் சுமார் ஆறு கிலோமீட்டர். ஷேர் ஆட்டோவுக்கு முப்பது ரூபாய். ஓட்டுநர் என் ஷூவைப் பார்த்தார். “மார்க்கெட்டுக்கா மாமு? கலீஜாயிடும்.” சொன்னபடியே ஷூ அழுக்கானது.

நண்பனின் சித்தப்பா சேகர் விசைப்படகு ஓட்டுகிறார். வலையை விரித்துக் காட்டினார். நடுவே சாய்வாக ஒரு கம்பிச் சட்டம். இறால் கம்பி இடுக்கில் நழுவி வலையின் கடைசிப் பைக்குள் போகும். ஆமை சட்டத்தில் முட்டி, மேலே உள்ள வாசல் வழியே வெளியேறும். அந்த வாசல் நைலான் நூலால் தைக்கப்பட்டிருந்தது.

“என்னண்ணா இது? ஆமை எப்படிப் போகும்?”

“எனக்கு மட்டும் ஆமைய சாவடிக்க ஆசையா? கடலடில பூரா பிளாஸ்டிக் கவரு, துணி. கம்பில வந்து அடைச்சிக்கினா எறா மொத்தமும் அந்த வாசல்ல பூடுது நைனா.”

“எவ்வளவு போகுதுன்னு பார்த்தீங்களா?”

“கூடவே நீந்திப் போயி பாக்க நான் இன்னா சுறாவா?”

கோபத்தோடு யோசித்தேன். “வாசலுக்கு வெளியே ஒரு சின்னப் பை கட்டுவோம். தப்பிக்கிற இறால் அதுல விழும், எவ்வளவுன்னு எடை போட்டுடலாம்.”

“ஆமையும்தான் வுழும்.”

“அதான் அரை மணிக்கு மேல இழுக்கக் கூடாது. சீக்கிரம் தூக்கிட்டா, ஆமைக்குத் தண்ணிக்குள்ள மூச்சு முட்டுறதுக்கு முன்ன உயிரோட விட்டுடலாம். ஆனா முதல்ல அனுமதி வாங்கணும்.”

சேகரண்ணன் கத்தியை நீட்டினார். “நீயே தையல அவுத்துடு, இன்ஜினியரு. அனுமதி வர்ற வரிக்கும் தொறந்தே போறேன். எறா பூட்ச்சுன்னு வையி, உன் வூட்டாண்ட வந்து நிப்பேன்.”

அவிழ்த்தேன். விரலில் வெட்டு விழுந்தது. வீட்டு விலாசத்தையும் கொடுத்தேன்.

போகிறவர்களுக்கு: ஆறு மணிக்கு முன் போங்கள், ரப்பர் செருப்பு போடுங்கள். செத்த ஆமையைத் தொடாதீர்கள், வனத்துறைக்குச் சொல்லுங்கள். விதி சரியானதுதான். ஆனால் வடசென்னைக் குப்பையில் இழுத்துப் பார்க்காத கருவியை இங்கே யாரும் நம்பப்போவதில்லை.

இனி நான் செய்யப்போவது:

1. நாளைக்கே மீன்வளத் துறையில் சோதனைக்கு அனுமதி கேட்டு மனு.
2. கிடைத்ததும், வாந்தி மாத்திரையோடு சேகரண்ணன் படகில் ஏறுவது.
3. தப்பிய இறாலை எடை போட்டு, எனக்கு எதிராக வந்தாலும் இங்கேயே எழுதுவது.
4. குப்பை அடைத்தால் கம்பிச் சட்டத்தை மாற்றி வரைவது. எத்தனை முறை ஆனாலும் சட்டத்தைத்தான் மாற்றுவேன். வாசலைத் தைக்க விடமாட்டேன்.