எண்ணெயில் ஊறிய பூட்ஸ்

பந்து விளையாடத் தெரிந்ததால்தான் எனக்கு வேலையே கிடைத்தது. எங்கள் துப்புரவு இலாகாவுக்கு ஒரு கால்பந்துக் குழு இருந்தது. காலையில் பெயருக்குக் குப்பை வண்டியோடு போய் வருவேன். பிற்பகலில் ஃபாரர் பார்க் திடலில் பயிற்சி. வலது ஓரத்தில் வெறுங்காலோடு நான் ஓடினால் பிடிக்க ஆள் கிடையாது. சும்மா சொல்லவில்லை, சிராங்கூன் சாலைக் காப்பிக்கடைகளில் கேட்டிருந்தால் அவர்களே சொல்லியிருப்பார்கள். அந்தக் கால்களுக்காகத்தான் இலாகா குவார்ட்டர்ஸில் எனக்கும் மனைவிக்கும் ஓர் அறை கொடுத்திருந்தார்கள்.

ஐம்பதுகளின் நடுவில் தலையில் இடி விழுந்தது. இனிமேல் பூட்ஸ் போடாதவன் லீக் ஆட்டத்தில் இறங்கக் கூடாதாம். குழுவைக் கவனித்துவந்த கிராணி, அதாவது இலாகா குமாஸ்தா, என்னைக் கூப்பிட்டு, ஒரு ஜோடி பூட்ஸை மேசைமேல் வைத்தார்.

“சனிக்கிழமை இதைப் போட்டு ஆடிக் காட்டு. முடியலேன்னா டீம்ல இடமில்ல. டீம்ல இல்லாதவனுக்கு வேலையும் இல்ல, ரூமும் இல்ல. விளங்குதா?”

விளங்காமல் என்ன? என் மனைவி நிறைமாதக் கர்ப்பிணி. பிழைக்க வந்த இந்த ஊரில் எங்களுக்கு நாதி கிடையாது.

போட்டுப் பார்த்தேன். மரக்கட்டைக்குள் காலை நுழைத்த மாதிரி இருந்தது. குதிகாலில் தோல் உரிந்துவிட்டது. புதுச் செருப்பு கடித்தால் விளக்கெண்ணெய் தடவுவோம் இல்லையா, அப்படித் தடவினேன். போதவில்லை என்று தோன்றியது. பயம் யாரை விட்டது? உள்ளும் புறமும் ஊற்றி, சனிக்கிழமைவரை ஊறவே வைத்துவிட்டேன்.

“என்னங்க, இது பூட்ஸா ஊறுகாயா?” என்று அவள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஆட்டத்தன்று தோல் தொளதொளத்துப் போயிருந்தது. பாதம் உள்ளேயே வழுக்கியது. நான் ஒரு பக்கம் போனால் பந்து ஒரு பக்கம் போனது. “இந்த ஆளு முடிஞ்சான் லா!” என்று கூட்டத்தில் ஒருவன் கத்தினான். போய் அவனை ஓங்கி அறையலாமா என்றிருந்தது. இடைவேளைக்குப் பிறகு நான் உதைத்த உதையில் வலது பூட்ஸ் கழன்று பறந்தது. திடலே சிரித்தது.

போங்கடா என்று மற்றதையும் பிடுங்கி எறிந்தேன். காலில் புல் பட்டதும் உயிர் வந்தது. பந்து வந்தது. இரண்டு பேரை ஏய்த்து, கோலியின் கைக்கு எட்டாத மூலையில் அடித்தேன். என் வாழ்நாளில் அப்படி ஒரு கோல் போட்டதில்லை, ஐயா! நடுவர் விசில் ஊதி என் கால்களைக் காட்டினார். கோல் செல்லாது, என்னையும் வெளியே அனுப்பிவிட்டார்.

நான் வருவதற்குள் செய்தி குவார்ட்டர்ஸுக்கு வந்துவிட்டது.

“கோல் போட்டீங்களாமே?”

“போட்டேன்.”

“அப்ப ரூம்?”

அவள் அடுப்பைப் பற்றவைக்காமல் அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

வேலை போய், அந்த மாதமே அறையைக் காலி செய்தோம். ஊருக்கு ஒதுக்குப்புறமாகப் பொங்கோல் பக்கம் ஒரு பன்றிப்பண்ணைக்குப் பின்னால் தகரக் கொட்டகை கிடைத்தது. ஒழுகும் கூரைக்குக் கீழேதான் பிள்ளை பிறந்தது. பால் வாங்க வழியில்லாமல் அதே கிராணியிடம் போய்க் கெஞ்சினேன். கால்வாயில் அடைப்பெடுக்கும் வேலை கொடுத்தார். உடைந்த கண்ணாடியும் துருப்பிடித்த ஆணியும் கிடக்கும் சேறு அது. இறங்கிய எல்லாரும் ரப்பர் பூட்ஸ் போட்டிருந்தார்கள். எனக்கும் ஒரு ஜோடி கேட்டேன்.

அவர் தலையை நிமிர்த்தவே இல்லை.

“உனக்கு எதுக்கு? வெறுங்காலுதானே உனக்குப் பழக்கம்.”