ஒரே இடத்தில் மூன்று துளை

அக்கா வீட்டு நடு அறையில் அத்தானின் படம் மாட்டியிருக்கிறது. அதன் சட்டகத்தின் கீழ்மூலையில் ஓர் அட்டைத் துண்டு செருகியிருக்கும். பிஸ்கற் பெட்டியில் வெட்டிய அட்டை. நடுவில் நான் பேனையால் போட்ட கறுப்புப் பொட்டு. அதிலிருந்து ஒரு விரல் இடப்பக்கம் தள்ளி, ஒன்றோடொன்று உரசிக்கொண்டு மூன்று துளைகள். ஒரு சட்டைப் பொத்தானை வைத்தால் மூன்றும் மறைந்துவிடும். வீட்டுக்கு யார் வந்தாலும் அக்கா அதைக் காட்டாமல் விடமாட்டாள். "எங்கட அவருக்கு எப்பிடிக் கண் எண்டு பாருங்க" என்பாள். அந்த நேரம் நான் அங்கே இருந்தால், தேத்தண்ணீர் போடுகிற சாட்டில் குசினிக்குள் போய்விடுவேன்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்த ஆண், பெண்ணின் வீட்டுக்கு வந்துவிடுவதுதான் வழக்கம். அத்தான் அப்படித்தான் ஒரு சூட்கேசோடும் ஒரு பழைய சைக்கிளோடும் வாவிக்கு மேற்கே எங்கள் படுவான்கரைக்கு வந்து சேர்ந்தார். நான் அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன். வந்த கிழமையே என் கணக்குக் கொப்பியை எடுத்துப் புரட்டிவிட்டு, "மச்சாள், இதுல ஒண்டும் எனக்கு விளங்கல்ல, ஆனா எழுத்து வடிவா இரிக்கு" என்றார். பிறகு நான் கணித ஆசிரியையாகி வாவிக்கு அந்தப் பக்கம் எழுவான்கரைக்கு வேலைக்குப் போனேன். சனிக்கிழமைகளில் ஸ்கூட்டியில் பாலம் கடந்து வரும்போதெல்லாம் "கணக்கு ரீச்சர் வாறா, எல்லாரும் எழும்பி நில்லுங்க" என்று வாசலில் நின்று சத்தம் போடுவார். அந்த நக்கலுக்காகவே நான் வாராவாரம் போனேன் என்று இப்போது தோன்றுகிறது.

வீட்டுக்குப் பின்னால் மேட்டுநிலத்தில் அவர் சோளன் போட்டிருந்தார். சோளன் பால் பிடித்தால் குரங்குகள் விடாது. அனுமதி எடுத்து ஒரு வாயு ரைபிளும், அதன்மேல் பூட்ட ஒரு ஸ்கோப்பும் வாங்கினார். ஆனால் குரங்கைச் சுட அவருக்கு மனம் வராது. "அனுமார்ர ஆக்கள், மேல பட்டா பாவம்" என்பார். அதற்குப் பதிலாக வேலியோர மருத மரங்களில் வெறும் பால்மா டின்களைக் கம்பியில் கட்டித் தொங்கவிட்டார். குரங்குகள் கிளையில் இறங்குகிற நேரம் பார்த்து டின்னில் சுடுவார். 'டங்' என்று ஒரு சத்தம், கூட்டம் முழுவதும் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம். கண்டபாட்டுக்குச் சுட்டால் குண்டு குரங்கில் பட்டுவிடும் என்பதால் ஸ்கோப் துல்லியமாக இருக்கவேண்டும் என்று பிடிவாதமாக நின்றார்.

அந்த வேலையைத்தான் நான் எடுத்துக்கொண்டேன். வரம்பில் ஒரு பலகையைச் சாத்தி, அதில் பொட்டுப் போட்ட அட்டையைக் குத்துவோம். இருபத்தைந்து எட்டு நடந்து தள்ளிப்போய், மணல் நிரப்பிய சாக்கில் ரைபிளைக் கிடத்தி அத்தான் மூன்று குண்டு சுடுவார். நான் ஓடிப்போய் அட்டையைக் கொண்டுவந்து அடிமட்டத்தால் அளப்பேன். ஸ்கோப்பின் மேலே ஒரு திருகு, பக்கத்தில் ஒரு திருகு. மேலே உள்ளது ஏற்றி இறக்க, பக்கத்தில் உள்ளது இடம் வலம் நகர்த்த. திருகினால் 'டிக், டிக்' என்று நகரும். நாலு டிக்குக்குக் குண்டு ஒரு நெல்மணி அளவு தள்ளிப் போகும் என்று நான் கணக்குப் போட்டு வைத்திருந்தேன். குண்டுகள் அங்குமிங்குமாகச் சிதறினால் சுடுகிறவரில் பிழை. மூன்றும் ஒரே இடத்தில், ஆனால் பொட்டுக்கு விலகி விழுந்தால் ஸ்கோப்பில்தான் பிழை. இதை நானே அத்தானுக்குச் சொல்லிக் கொடுத்தேன். சொல்லும்போது எனக்கு இருந்த பெருமையை நினைத்தால் இன்றைக்கு என்னையே அறையவேண்டும் போல இருக்கிறது.

அந்தப் போகத்தில் குண்டுகள் இடப்பக்கம் நகரத் தொடங்கின. முதல் சனிக்கிழமை நாலு டிக் திருகினேன். அடுத்த முறை மூன்று. இந்த வகை ரைபிள் உதைக்கிற உதையில் ஸ்கோப் அசைவது வழமை என்பதால், பிடிப்பாணிகளை இறுக்கி, சைக்கிள் ரியூப்பில் ஒரு துண்டு வெட்டி இடையில் வைத்தோம். நான் ஒருமுறை சுட்டுப் பார்த்தேன். அவருக்கு நடுவில் விழுந்தது எனக்கு வலப்பக்கம் விழுந்தது. "எல்லார்ர கண்ணும் ஒண்டில்லத்தானே" என்று நானே ஒரு காரணமும் சொல்லிவிட்டேன். ஒவ்வொரு அட்டையின் பின்னாலும் எந்தக் கிழமை, எத்தனை டிக் என்று வடிவான எழுத்தில் குறித்து அலுமாரியில் அடுக்கினேன்.

ஒரு சனிக்கிழமை அக்கா என்னைக் குசினிக்குள் கூப்பிட்டாள். "இஞ்ச வாகா. அவர் ரெண்டு தரம் கதவுநிலையில போய் முட்டினவர். தேத்தண்ணிக் கோப்பைய வாங்கக்குள்ள பக்கத்தால தடவுறார். கண்ணில ஏதோ பிழை. திங்கக்கிழமை ஆசுப்பத்திரிக்குக் கூட்டிப் போகப்போறன்" என்றாள். நான் சிரித்தேன். அன்று காலையில் சுட்ட அட்டை என் கையில்தான் இருந்தது. "கண் பழுதெண்டா மூண்டும் இப்பிடி ஒரே இடத்தில விழுமாக்கா? ஸ்கோப்தான் அசையுது. நான் ஏழு டிக் திருப்பிட்டன்" என்றேன். அக்கா அட்டையை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அவளுடைய முகம் தெளிந்ததை நான் கண்டேன். வெளியிலிருந்து அத்தான், "ரீச்சரே சொல்லிட்டா, இனியென்ன?" என்றார். திங்கட்கிழமை அவர்கள் போகவில்லை.

சோளன் முறிக்கிற நேரம், பட்டப்பகலில், அத்தான் சைக்கிளோடு வாய்க்காலுக்குள் இறங்கிவிட்டார். தலைக்குள் ஒரு கட்டி, பார்வை நரம்பை அமுக்கிக்கொண்டிருந்தது. எப்போதிருந்து என்று டாக்குத்தர் கேட்டார். "இப்பதான், ஒரு ரெண்டு கிழமை" என்றாள் அக்கா. பக்கத்தில் நின்ற என்னிடம் சரியான விடை இருந்தது. எந்தக் கிழமை தொடங்கியது, எவ்வளவு கூடியது என்று அட்டை அட்டையாக எழுதி வைத்திருந்தேன். நான் வாயைத் திறக்கவில்லை. கொழும்புக்குக் கொண்டுபோனார்கள். போனவர் பெட்டியில்தான் பாலம் கடந்து வந்தார்.

நேராகப் பார்த்தால் தெரியாததை அவர் தலையைச் சரித்து, பார்வை மிஞ்சியிருந்த ஓரத்தால் பார்த்திருக்கிறார். ஸ்கோப்பில் கண்ணை நடுவில் வைக்காமல் ஓரமாக வைத்தால், குறி பொட்டில் நிற்பதுபோலத் தெரியும். குண்டு விலகிப் போகும். எப்போதும் ஒரே ஓரத்தில் வைத்தால் எப்போதும் ஒரே இடத்துக்குப் போகும். மண்ணில் முழங்கால் ஊன்றி நான் திருத்திக்கொண்டிருந்தது ஸ்கோப்பை அல்ல. அவருடைய கண் மங்க மங்க, அது தெரியாதபடி மறைத்துக் கொடுத்திருக்கிறேன். என் உதவி இல்லாவிட்டால் டின்கள் தவறியிருக்கும். தவறியிருந்தால் அவர் பயந்து தானாகவே டாக்குத்தரிடம் போயிருப்பார்.

ரைபிளைப் பொலிசில் ஒப்படைத்துவிட்டோம். ஸ்கோப் என் மேசை லாச்சியில் கிடக்கிறது. திருகுகளை நான் தொடுவதில்லை. மற்ற அட்டைகளை அக்கா காணுமுன் எடுத்து எரித்துவிட்டேன். இந்த ஒன்று மட்டும் அன்றைக்குக் குசினியிலேயே அவளிடம் தங்கிவிட்டது.

போன சனிக்கிழமை அவள் படத்தைத் துடைத்துக்கொண்டு நின்றாள். அட்டையை எடுத்து முந்தானையால் ஒற்றிவிட்டுத் திரும்பவும் அதே மூலையில் செருகினாள்.

"நீ அண்டைக்கு இதக் காட்டாட்டி நான் இப்ப செத்திருப்பன்கா" என்றாள். "முந்தியே கூட்டிப் போகாம விட்டுட்டனே எண்டு யோசிச்சு யோசிச்சே செத்திருப்பன். கண் நல்லாத்தானே இருந்திரிக்கு. திடீரெண்டு வந்த வருத்தத்துக்கு நாம என்ன செய்யிற?"

அவள் என் முகத்தைப் பார்த்தபடி நின்றாள். மூன்று துளைகளுக்கும் பின்னால் படத்திலிருந்த அத்தானின் சட்டை வெள்ளை தெரிந்தது.

"ஓம் அக்கா" என்றேன். "கண் நல்லாத்தான் இருந்தது."