கிறிஸ்துமஸ் தாத்தா முன்னால் ஆகோ வைனோலா

எங்கள் ஊரில் ஆகோ வைனோலாவைத் தெரியாதவர் கிடையாது. தொலைக்காட்சித் தொடரில் பதினோரு வருஷம் கிராமத்து மருத்துவராக வந்தார். இன்றைக்கும் கடையில் பால் வாங்க நின்றால் யாராவது முழங்காலைக் காட்டி என்ன மாத்திரை போடலாம் என்று கேட்பார்கள். "வெந்நீர் ஒத்தடம் குடுங்க" என்று சலிப்போடு சொல்லிவிட்டுப் போவார்.

கூட்டுப் பண்ணையில் மாடு பார்த்தவரின் மகன். தலைநகர் தாலினில் நடிப்புப் படித்தார். சினிமா மூன்று, இரண்டில் பாதியிலேயே செத்துப்போவார். மற்றபடி நாற்பத்திரண்டு வருஷமும் எங்கள் நாடக அரங்குதான். மனைவி பின்லாந்துக்கு வேலைக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டாள். நான் அந்த அரங்கில் மேடைச் சாமான் தூக்குகிறவன்.

போன இலையுதிர் காலத்தில் அவருக்கு வசனம் மறக்க ஆரம்பித்தது. மேடையில் அவர் கையில் எடுக்கும் செய்தித்தாளில், கோப்பையின் உள்பக்கத்தில் எல்லாம் எழுதி ஒட்டிக் கொடுத்தேன். யாரிடமும் மூச்சு விடவில்லை. வசந்தத்தில் புது நாடகம். கிழட்டு மீனவன்தான் நாயகன். அது ஆகோவுக்குத்தான் என்று எல்லாரும் பேசிக்கொண்டார்கள். டைரக்டர் கைரித் மட்டும் வாய் திறக்கவில்லை. கிடைத்தால் இன்னும் ஒரு வருஷம் ஓட்டலாம், இல்லையென்றால் வீட்டுச் சுவரைப் பார்த்துக் கிடக்க வேண்டியதுதான் என்று ஆகோ என்னிடம் சொல்லியிருந்தார்.

டிசம்பரில் எங்களுக்குள் ஒரு மத்தியான விருந்து. ரத்த சாஸேஜ், புளித்த முட்டைக்கோஸ். கிறிஸ்துமஸ் தாத்தா வேஷம் போடுகிறவனுக்குக் காய்ச்சல் என்று தாடியை என் முகத்தில் ஒட்டிவிட்டார்கள். எங்கள் பக்கம் கவிதை சொல்லாமல் தாத்தாவிடம் பரிசு வாங்க முடியாது. குழந்தையானாலும் கிழவனானாலும் அதே சட்டம். தையல்காரி முதல் கணக்கர் வரை ஆளுக்கு நாலு வரி சொல்லித்தான் பொட்டலம் வாங்கினார்கள்.

ஆகோ வந்தார். பேசாமல் கொடுத்துத் தொலைத்திருக்கலாம். எல்லாரையும் கேட்ட பழக்க தோஷம், அவரையும் கேட்டுவிட்டேன்.

"என்ன டாக்டரே, சும்மா வந்து நின்னா ஆச்சா? ஒரு கவிதைய எடுத்து விடுங்க."

"பனி..." என்றார். அதற்கு மேல் வரவில்லை. நடிக்கிறார் என்று நினைத்து எல்லாரும் சிரித்தார்கள்.

"நாப்பது வருஷ நடிகருக்கு நாலு வரி வரல பாரு" என்றான் விளக்குக்காரன்.

ஆகோ என் தாடியையே பார்த்துக்கொண்டு நின்றார். அந்தப் பார்வையில் நடிப்பு இல்லை. முதலில் சிரிப்பை நிறுத்தியவள் கைரித். நான் பொட்டலத்தை அவர் கையில் திணித்தேன். அவர் அதைத் திரும்ப என் மடியில் வைத்துவிட்டுத் தன் இடத்துக்குப் போய் உட்கார்ந்தார்.

ஜனவரியில் வேஷப் பட்டியலைப் பலகையில் ஒட்டினார்கள். மீனவனுக்கு வேறு ஊரிலிருந்து ஆள். கடைசி வரியில் ஆகோ: கலங்கரை விளக்கக் காவலாளி. வசனம் கிடையாது.

மன்னிப்புக் கேட்கப் போனேன். படிக்கட்டில் உட்கார்ந்து பூட்ஸ் மாட்டிக்கொண்டிருந்தார்.

"விடு ரைவோ. எல்லாரையும் கேட்டுட்டு என்னைய மட்டும் கேக்காம குடுத்திருந்தா அது பிச்சை" என்றார். ஒரு பூட்ஸுக்குக் கயிறு கட்டி முடித்து மூச்சு வாங்கினார். "அந்தக் காவலாளிக்கு நாற்காலி உண்டான்னு மட்டும் கைரித்கிட்ட கேட்டுச் சொல்லு. ரெண்டு மணி நேரம் நிக்க முடியல."

கேட்டேன். உண்டு என்றாள். கிடங்கில் தேடி, கை வைத்த நாற்காலியாக ஒன்றை எடுத்து வைத்தேன்.