இரண்டு சுவர்கள் சேராத மூலை

இரண்டு தளங்கள் வெட்டிக்கொண்டால் என்ன கிடைக்கும் என்று கணக்கு டீச்சர் கேட்டார். கோவில்பட்டியில் ஒரு பெண்கள் பள்ளிக்கூடம், ஒன்பதாம் வகுப்பு, தொண்ணூறுகளின் நடுப்பகுதி. கோடு என்று மொத்த வகுப்பும் கத்தியது. உதாரணம் கேட்டார். சுவரும் சுவரும் சேருகிற மூலை என்றாள் முதல் பெஞ்சுக்காரி. எனக்கு அந்த வயதில் வாய் சும்மா இருக்காது. எழுந்து நின்று, "எங்க வீட்டுல சேராது டீச்சர். நடுவுல ரோடு தெரியும்" என்று சொல்லித் தொலைத்தேன்.

வகுப்பு சிரித்த சிரிப்பில் பக்கத்து வகுப்பு டீச்சர் எட்டிப் பார்த்தார். எங்கள் டீச்சர் மட்டும் சிரிக்கவில்லை, பாவம். கணக்கில் தளத்துக்கு முடிவே கிடையாது, சுவர் நின்றுபோன இடத்தில் அது நின்றுவிடாது, இணையாக இல்லாத இரண்டு தளங்களை நீட்டிக்கொண்டே போனால் எங்கேயாவது ஒரு கோட்டில் சேர்ந்தே தீரும் என்று பொறுமையாக விளக்கினார். நல்ல விளக்கம்தான். என் மண்டையில் ஒன்றும் ஏறவில்லை. முதுகுக்குப் பின்னால் "ரோடு தெரியுமாம்லா" என்று ஒருத்தி சொன்னதுதான் காதில் நின்றது. அதற்குப் பிறகு நான் எந்தச் சிநேகிதியையும் வீட்டுக்குக் கூப்பிடவில்லை.

வீட்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஊருக்குத் தெற்கே, கயத்தாறு போகிற பக்கம், கரிசல் காட்டை ஒட்டி அப்பா கட்டிய செங்கல் வீடு. அஸ்திவாரத்தை ஆழமாகப் போட அவருக்கு வசதி இல்லை. கரிசல் மண் மழைக்கு ஊதும், வெயிலுக்குச் சுருங்கும். கோடையில் காட்டில் விழுகிற வெடிப்புக்குள் செருப்பு விழுந்தால் எடுக்க முடியாது. அதே வெடிப்பு வீட்டுக்குள்ளும் ஏறும். எங்கள் மேற்குச் சுவர் சித்திரையில் வடக்குச் சுவரை விட்டு விலக ஆரம்பித்தால் ஆவணிக்குள் நாலு விரல் நுழைகிற சந்தாகிவிடும். ஐப்பசி மழை பெய்து மண் ஊதியதும் கார்த்திகையில் தானாக மூடிக்கொள்ளும். மழைக்கு முன்னால் அதில் சிமெண்ட் வைத்துப் பூசக் கூடாது. பூசினால், மண் ஊதும்போது மூட இடமில்லாமல் சுவர் வெளியே தள்ளிக்கொண்டு போய்விடும்.

அதனால் எங்கள் பக்கத்தில் சுவர் வெடித்த வீட்டுக்காரர்களிடம் ஒரு வழக்கம் இருந்தது. பெண் பார்க்க வருகிறவர்களைக் கார்த்திகை பிறந்த பிறகுதான் வரச் சொல்வார்கள். ஏன் என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

என் அக்காவுக்கு அந்த வருஷம் ஒரு வரன் வந்தது. பையனுக்கு மணியாச்சியில் ரயில்வே வேலை. கொண்டுவந்தவர் அப்பாவின் ஒன்றுவிட்ட தங்கச்சி, எங்களுக்கு அத்தை. அக்கா பன்னிரண்டாவது முடித்துவிட்டுத் தீப்பெட்டி ஆபீஸுக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். முன்னால் வந்த வரன்கள் எல்லாம் ஏதோ ஒன்றில் தட்டிப்போயிருந்தன. இந்தப் பையனை அவள் ஒரு கல்யாண வீட்டில் தூரத்திலிருந்து பார்த்திருக்கிறாள். "சிரிச்சா நல்லாருக்காவட்டி" என்று என்னிடம் மட்டும் சொன்னாள். இது கூடி வர வேண்டும் என்று அவள் எவ்வளவு ஆசைப்பட்டாள் என்பது அந்த ஒரு வார்த்தையிலேயே எனக்குத் தெரிந்துபோயிற்று.

கார்த்திகையில் வரச் சொல்லுங்கள் என்று அப்பா சொல்லி அனுப்பினார். "பொண்ணப் பாக்கதுக்கு இத்தன மாசம் எதுக்கு? என்னமும் கொற இருக்கா?" என்று பையனின் அம்மா கேட்டு அனுப்பிவிட்டார். இதற்கு மேல் தள்ளிப் போட முடியுமா? ஆவணியிலேயே வருகிறார்கள் என்றாயிற்று. அப்பா அன்றைக்குச் சாப்பிடாமல் மூலையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

அம்மா பழைய சாக்கைக் கிழித்து, கந்தல் துணியோடு சேர்த்துச் சந்தில் திணித்தாள். மேல் பாதியை மறைக்க ஒரு பெரிய காலண்டரை மாட்டினோம். கீழ்ப் பாதியில் சாக்கு பிதுங்கிக்கொண்டு அசிங்கமாகத் தெரிந்தது. அம்மா கொஞ்சம் தள்ளி நின்று பார்த்தாள். பிறகு அக்காவைப் பார்த்தாள்.

"காப்பி குடுத்துட்டு நேரா வந்து இந்த மூலையில நில்லு. அவிய போற வரைக்கும் நவுராத."

"நான் என்ன பீரோவாம்மா?"

"வாயாடாதட்டி. எல்லாம் உனக்காவத்தான்."

காலையில் வருவதாகத்தான் பேச்சு. காலை வெயில் கிழக்கேயிருந்து அடிக்கும், மேற்குச் சந்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஆனால் அவர்கள் வந்த பஸ் வழியில் நின்றுபோய், அடுத்ததைப் பிடித்து வந்து சேரும்போது சாயங்காலமாகிவிட்டது. பையன், அவன் அம்மா, தாய்மாமன், மூன்று பேர்தான். கூட எங்கள் அத்தை. ஜமுக்காளத்தில் உட்கார வைத்தோம். நான் அடுப்படி வாசலில் நின்றுகொண்டேன். அக்கா காப்பி கொடுத்தாள், கடலைமிட்டாய்த் தட்டை வைத்தாள், சொன்னபடி போய் மூலையில் நின்றாள். எல்லாம் ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது.

"அங்கன எதுக்கும்மா தூரமா நிக்க? இங்கன வந்து எம் பக்கத்துல உக்காரு" என்றார் பையனின் அம்மா.

அக்கா எங்கள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா கண்ணாலேயே வேண்டாம் என்றாள்.

"அவ கூச்சப்படுவா, நிக்கட்டும்" என்றார் அப்பா.

"நான் என்ன புலியா கரடியா? வாம்மா."

அக்கா நகர்ந்தாள். அவள் நகர்ந்த இடத்தில் சாக்கு இல்லை. அது எப்போது போனதென்று யாருக்கும் தெரியாது. நாலு விரல் சந்து வழியாக மேற்கு வெயில் மொத்தமும் வீட்டுக்குள் வந்து விழுந்தது.

இதை எப்படிச் சொல்ல? தூசி மிதக்க, வெளிச்சம் ஒரு பலகை மாதிரி அறைக்குள் நின்றது. அது தரையைத் தொட்ட இடத்தில் ஒரு கோடு. மூலையில் கிளம்பி, ஜமுக்காளத்தின் மேல் சாய்வாக ஓடி, பையனின் அம்மா முழங்காலில் ஏறி இறங்கி, எதிர்ச் சுவர் வரைக்கும் போயிற்று. அங்கே மடங்கி, சுவரில் ஒரு சாண் நிமிர்ந்து நின்றது. வெளிச்சமும் தரையும் வெட்டிக்கொண்டது ஒரு கோடு, வெளிச்சமும் சுவரும் வெட்டிக்கொண்டது இன்னொரு கோடு, மூன்று தளமும் சேர்ந்த இடத்தில் ஒரே ஒரு புள்ளி. வகுப்பில் ஏறாதது அப்போதுதான் எனக்கு ஏறியது. அடேயப்பா, இவ்வளவுதானா என்று உள்ளுக்குள் ஒரு சந்தோஷம் வந்தது. வெட்கங்கெட்ட சந்தோஷம். அக்காவின் வாழ்க்கை அந்த ஜமுக்காளத்தின் மேல் கிடந்தது, நான் அடுப்படி வாசலில் நின்று கணக்குப் பாடம் படித்துக்கொண்டிருந்தேன்.

தாய்மாமன் அந்த வெளிச்சக் கோட்டை வந்த வழியே கண்ணால் பிடித்துக்கொண்டு போனார். எழுந்து, மூலைக்குப் போய், காலண்டரைத் தூக்கிப் பார்த்தார். சந்துக்கு அந்தப் பக்கம் பக்கத்து வீட்டு வெள்ளாடு நின்று எங்கள் சாக்கை மென்றுகொண்டிருந்தது. அது எங்களைப் பார்த்தது, மெல்லுவதை நிறுத்தவில்லை. வேறு யார் வீட்டிலாவது நடந்திருந்தால் நானே விழுந்து விழுந்து சிரித்திருப்பேன். அன்றைக்கு என் மானம் கப்பலேறி, தூத்துக்குடியையும் தாண்டிப் போய்விட்டது.

"சொவரு விலகியிருக்கோ அண்ணாச்சி?" என்று தாய்மாமன் கேட்டார். குத்தலாக இல்லை, சாதாரணமாகத்தான் கேட்டார்.

அப்பா எழுந்து போய்க் காலண்டரை இறக்கிவிட்டார். "இல்ல. அது காத்துக்கு விட்டது" என்றார்.

யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால்கூடத் தேவலை. பையன் குனிந்து ஜமுக்காளத்து நூலைத் திருகினான். அவன் அம்மா மெதுவாகக் காலை மடக்கி, வெளிச்சம் படாமல் நகர்ந்து உட்கார்ந்துகொண்டார். பூமி பிளந்து என்னை விழுங்காதா என்று இருந்தது. எங்கள் ஊரில் பூமி பிளந்துதான் கிடக்கும், விழுங்கத்தான் விழுங்காது. காப்பியை மிச்சம் வைக்காமல் குடித்தார்கள். சொல்லி அனுப்புகிறோம் என்று எழுந்துகொண்டார்கள்.

அடுத்த வாரம் ஒரு காலையில் அத்தை வந்தார். முகத்தைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. அக்கா வேலைக்குக் கிளம்பி, தலை வாரிக்கொண்டிருந்தாள். அவளை வைத்துக்கொண்டே அத்தை சொல்லிவிட்டார்.

"வெடிப்பு எந்த வீட்டுல இல்ல, எங்க வீட்டுலயும்தான் கெடக்குன்னு பையன் வீட்டுல சொன்னாவ. அதக் காத்துக்கு விட்டதுன்னு மூஞ்சிக்கு நேரா சொல்லுதாரே, இனி பொண்ணப் பத்தி இவிய சொன்னதுல எத நம்பன்னு கேக்காவ. நான் என்ன பதில் சொல்ல?"

அப்பா தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டார். அவரைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. அம்மா அவரை விட்டுவிட்டு ஆட்டைத் திட்டினாள், ஆட்டுக்காரியைத் திட்டினாள், பஸ்காரனைத் திட்டினாள். அப்புறம் எல்லோருமாக அந்தச் சாயங்காலத்தை மறுபடியும் பிரித்துப் போட்டு உட்கார்ந்தோம். ஜமுக்காளத்தைத் தெற்கே தள்ளி விரித்திருக்க வேண்டும் என்றார் அப்பா. காலண்டரை ஒரு முழம் இறக்கி மாட்டியிருக்க வேண்டும் என்றாள் அம்மா. அப்படியும் முழங்காலில்தான் விழுந்திருக்கும் என்று நான் எழுந்து போய், கோடு எங்கே கிளம்பியது, எங்கே மடங்கியது என்று தரையில் விரலால் இழுத்துக் காட்டினேன்.

அக்கா சீப்பைக் கீழே வைத்தாள்.

"எல்லாத்தையும் சரியாச் சொல்லுதிய. நான் அன்னைக்கு என்ன சேல கட்டியிருந்தேன்?"

அவள் கோபமாகக் கேட்கவில்லை. பதிலுக்காக ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தாள். அம்மா கொடியில் கிடந்த சேலைகளைத் திரும்பிப் பார்த்தாள். நான் தரையில் விரலை வைத்தபடியே எவ்வளவோ யோசித்துப் பார்த்தேன். பச்சையா, மாம்பழ மஞ்சளா, ஒன்றும் வரவில்லை. அக்கா கடைசியில் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அவியளும் பாக்கல" என்று சொல்லிவிட்டு, டிபன் டப்பாவை எடுத்துக்கொண்டு வேலைக்குப் போனாள்.