கொழுந்துக் காட்டில் பிரெஞ்சுக் கவிதை

என் தங்கை ஞானசெல்வி பி.ஏ. இங்கிலீஷ் படித்தவள். தேவிகுளம் பக்கம் தேயிலை எஸ்டேட் ஒன்றில் என்னோடு கூலிக்குக் கொழுந்து பறிக்கிறாள். பிரெஞ்சுக் கவிதைகளை இங்கிலீஷில் மொழிபெயர்த்த புத்தகம் ஒன்று வைத்திருக்கிறாள். காலையில் ஒரு கவிதையைப் படித்துவிட்டு வந்து, பறித்துக்கொண்டே எங்களுக்குத் தமிழில் சொல்வாள். அவளைப் போலச் சொல்ல இந்த மலையில் ஆள் கிடையாது.

"எடை குறைஞ்சா கவிதையை நிப்பாட்டிருவேன்" என்று சூப்பர்வைசர் அமலதாஸ் எச்சரித்திருந்தார்.

அன்றைய கவிதையில் ஒருவன் மழையில் நனைந்தபடி பாலத்தில் காதலிக்காகக் காத்து நிற்கிறான். அதோடு கவிதை முடிந்துவிட்டது. எல்லார் கையும் நின்றுபோனது.

"ஏட்டி, அவ வந்தாளா இல்லையா?" என்றாள் பக்கத்தில் பறித்துக்கொண்டிருந்த சுருளியம்மாள்.

"அவ்வளவுதான் மதினி, முடிஞ்சிருச்சு."

"முடிக்கத் தெரியாதவன் எதுக்கு எழுதுறான்? அவ வர்ற வரைக்கும் நான் பறிக்க மாட்டேன்."

அமலதாஸ் மேட்டிலிருந்து இறங்கி வருவதைத் தங்கை பார்த்துவிட்டாள்.

"வந்துட்டா மதினி! ஜீப்பு பிடிச்சு, குடையோட வந்துட்டா!"

கைகள் மறுபடி ஓடின.

வீட்டுக்கு வந்ததும் புத்தகத்தை வாங்கி, வரி வரியாக எழுத்துக் கூட்டிப் பார்த்தேன். ஜீப்பும் இல்லை, குடையும் இல்லை. தங்கையிடம் கேட்டேன்.

"பிரெஞ்சுல இருந்திருக்கும்க்கா. இங்கிலீஷ்காரன்தான் விட்டுட்டான்" என்றாள்.